மூங்கில்தான் எல்லை

கொதிக்கக் கொதிக்க வடித்த கஞ்சி ஈரமண்ணில் விழும்போது ஒரு வாசனை எழும். அது அடுப்படிக் கஞ்சியின் வாசனை அல்ல. பச்சைத் தண்டும் வேரும் மண்ணுக்குள் கிடந்த புழுவும் சேர்ந்து வெந்து, கொஞ்சம் கரும்புச் சாறு போலவும் கொஞ்சம் மாட்டுக்கொட்டகை போலவும் மூக்கில் ஏறும் வாசனை. மழைக்காலம் பிடித்துக்கொண்டால் போதும், காலையில் சோறு வடித்த கையோடு அம்மா கஞ்சிச் சட்டியைப் பழந்துணியால் பிடித்துத் தூக்கிக்கொண்டு கொல்லைக்கு ஓடுவாள். நான் ஒரு குச்சியை எடுத்துக்கொண்டு பின்னால் ஓடுவேன். கொல்லையின் கிழக்கோரத்தில் நின்ற மூங்கில் புதரைச் சுற்றி, எங்கள் நிலத்துப் பக்கமாக, மண்ணைப் பிளந்துகொண்டு மாட்டுக்கொம்பு மாதிரி குருத்துகள் தலைநீட்டியிருக்கும். சருகைத் தள்ளி அவற்றைக் கண்டுபிடித்துக் காட்டுவது என் வேலை. அம்மா ஒவ்வொன்றின் உச்சியிலும் நிதானமாகக் கஞ்சியை ஊற்றுவாள். "குடி, நல்லா குடி" என்பாள். கல்யாண வீட்டில் பந்தி விசாரிக்கிற குரல் அது.

எங்கள் ஊர் திருத்தணி மலைக்குத் தெற்கே, அரக்கோணம் சாலையை விட்டுச் சற்று உள்ளே தள்ளி இருந்தது. நிலத்திலேயே வீடு. வாசலில் நின்றால் மலைமேல் கோவில் தெரியும். நைனா ரயில்வேயில் தண்டவாளம் பார்க்கிற கேங்மேன். அப்பாவை நாங்கள் நைனா என்றுதான் கூப்பிடுவோம். ஆந்திரம் அவ்வளவு பக்கத்தில் இருந்ததால் எங்கள் தமிழில் உறவுமுறைகளில் பாதி தெலுங்காகவே இருந்தன. காலை ரயிலுக்கு அரக்கோணம் போய்ச் சாயங்கால ரயிலுக்குத் திரும்புவார். அதனால் வேர்க்கடலை போடுவதும் கேழ்வரகு அறுப்பதும் ஆள் கூப்பிடுவதும் அம்மாவின் பாடு. அவள் பெயர் தேசம்மா. எங்களுக்கு இருந்த நிலம் பெரிதல்ல, ஆனால் அதில் ஒரு கிணறு இருந்தது. சித்திரை வெயிலில் சுற்றுவட்டாரக் கிணறுகள் எல்லாம் பாறையைக் காட்டும்போதும் அதில் வாளி முங்கும்.

கிழக்கே அடுத்த நிலம் நைனாவின் பெரியப்பா மகன் முனிரத்தினத்துடையது. எனக்குப் பெரியநைனா, அம்மாவுக்குப் பாவா. அவருக்கு உழவு மாடுகள் இருந்தன, ஓட்டு வீடு இருந்தது, வீட்டுக்குப் பக்கத்தில் யானை படுத்த மாதிரி வைக்கோல் போர் இருந்தது. கிணறும் இருந்தது, ஆனால் மாசி பிறந்தால் அதில் தவளைகூடத் தங்காது. இரண்டு நிலத்துக்கும் நடுவில்தான் அந்த முள்மூங்கில். தாத்தாக்கள் பாகம் பிரித்துக்கொண்டபோது எல்லையில் ஒரு கல் நட்டு, அதையொட்டிக் காற்றுத் தடுப்புக்காக ஒரு மூங்கில் குருத்தையும் வைத்தார்களாம். நைனா சிறுபையனாக இருந்தபோது அந்தக் கல்லின் மேல் உட்கார்ந்து விளையாடியிருக்கிறார். பிறகு மூங்கில் பெருத்துக் கல்லை விழுங்கிவிட்டது. முள்மூங்கிலின் அடிப்பகுதியைப் பார்த்தவர்களுக்குத் தெரியும், கீரிப்பிள்ளை போகலாம், மனிதன் போக முடியாது.

மூங்கில் நடக்கும். இதை நான் பள்ளிக்கூடத்தில் படிக்கவில்லை, கண்ணால் பார்த்தேன். கிழட்டுக் கழிகள் நடுவில் நிற்க, ஒவ்வொரு மழைக்கும் இளங்கழிகள் அவற்றுக்கு வெளிப்புறமாக, முந்தின வருஷத்துக் கழிகளைத் தாண்டிக் கிளம்பும். அடுத்த மழைக்கு அவற்றையும் தாண்டி இன்னொரு வரிசை. குளத்தில் கல் போட்டால் வளையம் விரிவது போல, ஆனால் ஒரு வளையத்துக்கு ஒரு வருஷம். தன்போக்கில் விட்டால் அது நாலு பக்கமும் சமமாகத்தான் விரியும். பெரியநைனா அப்படி விடவில்லை. தன் பக்கம் முளைத்த குருத்துகளை மண்வெட்டியால் கொத்தி மாட்டுக்குப் போடுவார். தன் பக்கத்துக் கழிகளைப் பந்தலுக்கென்று வெட்டி விடுவார். எங்கள் பக்கம் முளைத்தவற்றுக்கு மட்டும், மாடு கடித்துவிடும் என்று சொல்லிச் சுற்றி முள் வைப்பார். அடுத்த வருஷம் அந்த முள்தான் வேலி. அதற்கடுத்த வருஷம் வேலிக்கு இந்தப் பக்கம் குருத்து, அதைச் சுற்றி முள்.

இப்படியே அந்த வேலி எங்கள் கிணற்றைப் பார்த்து நடந்துகொண்டிருந்தது. எனக்கு விவரம் தெரிந்தபோது கிணற்றுக்கும் வேலிக்கும் நடுவில் ஏர் ஓட்ட இடமிருந்தது. நான் மூன்றாம் வகுப்புக்குப் போனபோது அம்மா அந்த இடத்தில் மிளகாய் மட்டும் போட்டாள். அதன்பின் அதற்கும் இடமில்லை.

நைனா சண்டை தெரியாதவர். ஒருநாள் அம்மாவின் தொல்லை தாங்காமல் என்னையும் கையில் பிடித்துக்கொண்டு போய் வேலி ஓரத்தில் நின்று, "அண்ணா, கல்லு உள்ளதான கீது, நாம ரெண்டு பேரும் பாத்தது தான" என்றார். பெரியநைனா மாட்டைக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார். திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. "ரயிலுக்குக் கல்லு பொறுக்கறவன், கனவுல கூடக் கல்லத்தான் பாப்ப. உனுக்கு எதுக்குடா நெலம்?" என்றார். நைனாவின் கை என் கைக்குள் வியர்த்ததை நான் உணர்ந்தேன். அவர் திரும்பி நடந்தார். வழியில், "அம்மாகிட்ட சொல்லாத" என்றார். நைனாவிடம் பேசவேண்டாம் என்று அன்றைக்கெல்லாம் இருந்தேன். கோபம் அவர்மேல் அல்ல. ஆனால் யார்மேல் கோபமோ அவரிடம் காட்டுகிற வயது எனக்கு இல்லை. அம்மாவிடம் சொன்னேன். வரி விடாமல் சொன்னேன்.

அம்மா ஊர்ப் பெரியவர்களைக் கூட்டினாள். நிலம் அளக்கிறவரையும் வரவழைத்தார்கள். அவர் புதரைச் சுற்றி வந்தார், வேட்டி முள்ளில் மாட்டிக் கிழிந்தது, புதரை வெட்டினால்தான் கல் இருக்கிறதா இல்லையா என்று தெரியும் என்றார். மூங்கில் தன்னுடையது, ஒரு கழியையும் வெட்ட விடமாட்டேன் என்றார் பெரியநைனா. கடைசியில் பெரியவர்கள், மலைமேல் சாமி முன்னால் கற்பூரம் அணைத்துச் சத்தியம் செய்யட்டும், அத்தோடு பேச்சை முடித்துக்கொள்ளலாம் என்று சொன்னார்கள். பெரியநைனா ஈர வேட்டியோடு படியேறினார். எரிகிற கற்பூரத்தை உள்ளங்கையால் அழுத்தி அணைத்து, "அங்க கல்லுன்னு ஒண்ணு எந்தக் காலத்துலயும் இருந்ததில்ல. மூங்கில்தான் எல்ல. அது எங்க போதோ அதான் எல்ல" என்றார். கூட்டத்தில் எல்லோரும் அரோகரா சொன்னார்கள். நைனாவும் பழக்கத்தில் சொல்லிவிட்டார். அம்மா சொல்லவில்லை.

அதன்பிறகு மாதாமாதம் கிருத்திகைக்கு அம்மா மலை ஏறத் தொடங்கினாள். ஊரில் அதைப் பக்தி என்று நினைத்தார்கள். கூடப்போன எனக்குத்தான் தெரியும், அவள் கைகூப்பி நின்று கண்ணை மூட மாட்டாள். நேராகப் பார்த்துக்கொண்டு உதட்டை மட்டும் அசைப்பாள். திரும்பி இறங்கும்போது ஒருமுறை, என்னம்மா வேண்டிக்கொண்டாய் என்று கேட்டேன். "வேண்டல. ஞாபகப்படுத்திட்டு வரேன். அவருக்கு ஆயிரம் வேல கீது, நம்மளுத மறந்துட்டா?" என்றாள்.

அந்த வருஷங்களில் எனக்கு நாள்காட்டி தேவைப்பட்டதில்லை. நைனாவின் ரயில் காலையில் போய்ச் சாயங்காலம் வந்தது. கிருத்திகை மாதம் தவறாமல் வந்தது. கோடையில் மூங்கில் இலையுதிர்த்து நிற்கும், முதல் மழைக்குத் தளிர் விடும், அப்புறம் குருத்து வரும், நாங்கள் கஞ்சியோடு ஓடுவோம். வெந்த குருத்துகள் கறுத்துச் சரியும், ஆனால் எங்கள் கண்ணுக்குத் தப்பியவை ஆள் உயரம் ஏறி நிற்கும், உடனே அவற்றைச் சுற்றி முள் வந்துவிடும். எல்லாம் தத்தம் முறைக்குத் திரும்பி வந்தன. பெரியநைனாவுக்கு வரவேண்டியது மட்டும் வரவில்லை. அவர் வீட்டு மாடு கன்று போட்டது. வேர்க்கடலை நன்றாக விளைந்தது. மகன் செல்வத்துக்குக் கிருதா வைத்து முடி வெட்டி, மூன்று சக்கர சைக்கிள் வாங்கிக் கொடுத்தார். கிணற்றுக்கும் வேலிக்கும் நடுவே அம்மாவும் நானும் சேர்ந்தாற்போல நடக்க முடியாத அளவுக்கு இடம் குறுகிவிட்டது. பெரியநைனா கிணற்றை எட்டிப் பார்த்து, தண்ணீர் எவ்வளவு இருக்கிறது என்று தன் வீட்டுக் கிணற்றை விசாரிப்பது போலக் கேட்க ஆரம்பித்திருந்தார்.

அந்த மார்கழியில்தான் மூங்கில் நிறம் மாறியது. இலைகள் பொசுங்கின மாதிரி உதிர்ந்தன. தளிர் வரவேண்டிய கணுக்களில் வைக்கோல் நிறத்தில், உமி உமியாக, கொத்துக்கொத்தாக ஏதோ தொங்கியது. கஞ்சி வேலை செய்துவிட்டதோ என்று அம்மா முதலில் சந்தோஷப்பட்டாள். ஆனால் அது அவர் பக்கத்திலும் இருந்தது, உச்சியிலும் இருந்தது. ஒரு கழி மிச்சமில்லாமல், கிழடு இளசு என்றில்லாமல், போன மழைக்கு முளைத்த குட்டிக்கழிகூட அதே கோலத்தில் நின்றது. சாயங்கால ரயிலில் வந்த நைனா வெகுநேரம் அண்ணாந்து பார்த்துவிட்டு, "பூத்துகிச்சு" என்றார்.

மூங்கில் தன் ஆயுளில் ஒரே ஒரு தடவைதான் பூக்கும், பூத்தால் அடியோடு செத்துவிடும் என்று அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. அப்படியானால் பூக்கிற நாள் எது என்று அதற்கு யார் சொல்லியிருப்பார்கள்? வருஷாவருஷம் குருத்து விடுவது எல்லோருக்கும் தெரிகிற கணக்கு. அதற்கு அடியில், எவரும் பார்க்காமல், ஒரு மனிதனின் பாதி வாழ்நாள் நீளத்துக்கு இன்னொரு கணக்கு ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. நாங்கள் கஞ்சி ஊற்றியபோதும் அது ஓடியது. அவர் கற்பூரம் அணைத்தபோதும் ஓடியது.

ஊரில் வேறு மாதிரிப் பேசிக்கொண்டார்கள். மூங்கில் பூப்பது அதற்குச் சொந்தக்காரர் குடும்பத்துக்கு ஆகாது என்று ஒரு நம்பிக்கை எங்கள் பக்கம் உண்டு. சத்தியம் செய்த இடம் வேறு சாதாரண இடமில்லை. பங்குனி வரைக்கும் நெல்லைப் போல விதை கொட்டியது. பெண்கள் முறத்தோடும் துடைப்பத்தோடும் வந்து மூங்கிலரிசி கூட்டி எடுத்தார்கள். கூட்டிக்கொண்டே, கேட்கிற தூரத்தில் பெரியநைனா இருக்கிறாரா என்று பார்த்துக்கொண்டே, சத்தியத்தைப் பற்றிப் பேசினார்கள். விதைக்கு வந்த எலிகள் விதை தீர்ந்ததும் அவருடைய வேர்க்கடலை மூட்டைக்குப் போயின. எங்கள் வீட்டுக்கும் வந்தன, ஆனால் அம்மா அதை வெளியில் சொல்லவில்லை.

ஒரு மத்தியானம் பெரியம்மா, பெரியநைனாவின் மனைவி, எங்கள் வீட்டுக்கு வந்தாள். வருஷக்கணக்காக வராதவள். எனக்கு அவளைப் பிடிக்கும். வேலிக்கு மேலாக எனக்குக் கொய்யாப்பழம் எறிந்தவள். உள்ளே வராமல் வாசற்படியிலேயே நின்றாள்.

"தேசம்மா, மலமேல போய் இன்னா வேண்டிகினு வந்த நீ?"

"நாயத்த வேண்டிகினேன்."

"அவரு சோறு துன்ன மாட்டேன்றாரு. அந்த மூங்கில பாத்துகினே ஒக்காந்துகினு கீறாரு. எனுக்கு ஒரே புள்ள. நல்லா இருங்கன்னு வாயத் தொறந்து ஒரு வார்த்த சொல்லிடு."

"வேலிய எடுக்கச் சொல்லுக்கா. சொல்றேன்."

"நான் சொன்னா கேப்பாரா?"

"அப்ப நான் சொன்னா மட்டும் எதுக்கு?"

பெரியம்மா படியிறங்கிப் போனாள். அம்மா முறத்தில் இருந்த மூங்கிலரிசியைப் புடைக்கத் தொடங்கினாள். அன்றைக்கு அதில் பொங்கிய சோறு எனக்கு ஏலக்காய் போட்டது போல மணத்தது. மறுசோறு கேட்டு வாங்கிச் சாப்பிட்டேன்.

கோடை முடிவதற்குள் புதர் முழுவதும் செத்து, காய்ந்து, காற்றடித்தால் எலும்புகள் உரசுவது போலச் சத்தம் போட்டது. இப்போது வேறு கவலை வந்தது. செத்த மூங்கிலை எப்படியும் அழிக்க வேண்டும். அழித்தால் நடுவில் இருப்பது தெரியும். ஆள் விட்டு வெட்டினால் அந்த ஆட்களே சாட்சி. ஆகவே பெரியநைனா தனியாகத்தான் அந்த வேலையைச் செய்வார், செய்யும்போது கல்லைப் பிடுங்கி எறிந்துவிடுவார் என்று அம்மா தீர்மானமாகச் சொன்னாள். அன்றிலிருந்து அவள் அரிசி பொறுக்குவது, துணி தைப்பது, வேர்க்கடலை உரிப்பது எல்லாம் கிணற்றடியில்தான். பள்ளிக்கூடம் விட்டு வந்தால் நான் போய் அவள் இடத்தில் உட்காருவேன். பெரியநைனா தன் பக்கத்தில் கட்டில் போட்டு உட்கார்ந்திருப்பார். நடுவில் செத்த மூங்கில். நாங்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ள மாட்டோம்.

ஆடிக் கிருத்திகை வந்தது. அன்றைக்குத் திருத்தணியைச் சுற்றி வீட்டில் இருக்கிற மனிதனைப் பார்ப்பது அரிது. காவடிகளோடு சாலை முழுக்க மஞ்சள் துணியாகப் போய்க்கொண்டிருக்கும். நைனா பூக்காவடி எடுத்தார். பெரியநைனாவும் குடும்பத்தோடு மஞ்சள் கட்டிக்கொண்டு, எங்கள் வீட்டு வழியாகவே, எல்லோரும் பார்க்கும்படி புறப்பட்டுப் போனார். அம்மா நைனாவிடம், "நீங்க போய்ட்டு வாங்க, எனுக்குக் கால் நோவுது" என்றாள். நானும் தங்கிவிட்டேன்.

மத்தியானத்துக்கு முன்பு, நாங்கள் கிணற்றுக்கு மேற்கே மாமரத்தடியில் உட்கார்ந்திருந்தபோது, துப்பாக்கி வெடித்தது போல ஒரு சத்தம் கேட்டது. அப்புறம் அடுத்தடுத்து. எழுந்து ஓடினோம். மூங்கில் அந்தப் பக்கத்திலிருந்து எரிந்துகொண்டிருந்தது. காய்ந்த கணுக்கள் ஒவ்வொன்றாக வெடித்துக்கொண்டிருந்தன. பெரியநைனா மஞ்சள் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு தீக்கு அந்தப்புறம் நின்றார். பாதி வழியில் திரும்பி வந்திருக்கிறார். காலடியில் கடப்பாரை கிடந்தது. அம்மா அதைப் பார்த்தாள். "பாத்துக்கோ, நல்லா பாத்துக்கோ" என்று என் தோளைப் பிடித்து அழுத்தினாள். அந்த விரல்கள் பதிந்த இடம் மறுநாள்வரை வலித்தது.

காலையில் அசையாமல் இருந்த காற்று அப்போதுதான் கிளம்பியது. ஆடிக்காற்று எங்கள் பக்கம் மேற்கிலிருந்து அடிக்கும். தீ வைத்த நேரத்தில் காற்றில்லை, இனியும் வராது என்று அவர் நினைத்திருக்கலாம். மண்ணை வாரி இறைத்துக்கொண்டு வந்த காற்று, தீயை அப்படியே தூக்கி அவர் பக்கம் சாய்த்தது. எரிகிற சருகுகள் குருவிக்கூட்டம் போல எழும்பிப் பறந்தன. அவற்றில் சில வைக்கோல் போரின்மேல் போய் உட்கார்ந்தன.

சாலையில் போன காவடிக்காரர்கள் புகையைக் கண்டு ஓடிவந்தார்கள். பெரியம்மாவும் செல்வமும் யார் சொல்லியோ அலறிக்கொண்டு வந்தார்கள். யாரோ மாடுகளை அவிழ்த்து விரட்டினார்கள். பெரியநைனாவின் கிணற்றில் சேறுதான் இருந்தது. அவர் புதரைச் சுற்றிக்கொண்டு, தானே வைத்த முள்வேலியைக் காலால் மிதித்துக் கடந்து, எங்கள் கிணற்றுக்கு ஓடிவந்தார். அம்மா அவருக்கு முன்னால் அங்கே போய்விட்டிருந்தாள். ராட்டினத்திலிருந்து கயிற்றை உருவி, வாளியோடு சேர்த்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றாள்.

"கயித்த குடு தேசம்மா."

"கல்லு எங்க கீது பாவா?"

"போரு எரியுதுமே!"

"எரியட்டும். கல்லு எங்க கீது?"

அவர் கயிற்றைப் பிடித்து இழுத்தார். அம்மா விடவில்லை. கூட்டத்தில் ஒருவர், தண்ணிய குடும்மா, அப்புறம் பேசலாம் என்றார். அம்மா அவரைத் திரும்பிப் பார்த்தாள். அவர் கூட்டத்துக்குள் பின்வாங்கினார். பெரியம்மா மண்ணில் உட்கார்ந்து வாயில் அடித்துக்கொண்டாள். செல்வம் வைக்கோல் போரைப் பார்த்து நைனா நைனா என்று கத்திக்கொண்டிருந்தான்.

"உள்ள கீது" என்றார் பெரியநைனா.

"எனுக்கு வாணாம். அவங்களுக்கு சொல்லு."

அவர் கூட்டத்தின் பக்கம் திரும்பினார். முகத்தில் கரியும் கண்ணீரும் வழிந்திருந்தன. "மூங்கில் உள்ள கீது! கல்லு உள்ளதான் கீது! போதுமா?" என்று கத்தினார்.

அம்மா வாளியையும் கயிற்றையும் அவர் காலடியில் போட்டாள். அதற்குள் போர் உச்சியிலிருந்து சரிந்து உட்கார்ந்துகொண்டிருந்தது. இறைத்த தண்ணீர் கொட்டகையைக் காப்பாற்றத்தான் உதவியது. நான் கிணற்றுச் சுவரைப் பிடித்துக்கொண்டு எல்லாவற்றையும் பார்த்தேன். பயமாக இருந்தது என்று சொன்னால் நன்றாக இருக்கும். எனக்கு நாக்கு இனித்தது. நைனாவின் வியர்த்த கை நினைவுக்கு வந்தது, இன்னும் கொஞ்சம் எரியட்டும் என்று தோன்றியது.

சாயங்காலம் காவடியை இறக்கிவிட்டு வந்த நைனா, சாம்பல் ஆறும்வரை காத்திருந்து உள்ளே நடந்து போனார். கருகிய அடிக்கட்டைகளுக்கு நடுவே கல் நின்றது. சூட்டில் ஒரு பக்கம் விண்டிருந்தது. தோள் துண்டால் அதைத் துடைத்து, அதன்மேல் சற்று நேரம் உட்கார்ந்திருந்தார். மறுநாள் ஊர்ப் பெரியவர்கள் முன்னால் வேலி அங்கே திரும்பிப் போனது. எங்கள் கொல்லை எவ்வளவு பெரியது என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

வைக்கோல் இல்லாததால் பெரியநைனா தை வருவதற்குள் உழவு மாடுகளை விற்றார். அதற்கு முன் பெரியம்மா வேலி ஓரமாக வந்து, நாலு கத்தை வைக்கோல் கொடுக்கும்படி கேட்டாள். "நம்மகிட்டதான் கீதே, குடேன்" என்றார் நைனா. அம்மா, "அந்த மனுசன் வந்து கேக்கட்டும்" என்றாள். அவர் வரவில்லை. மாடுகள் எங்கள் வாசல் வழியாகத்தான் சந்தைக்குப் போயின.

இத்தோடு எங்கள் கணக்கு தீர்ந்தது என்று நான் நினைத்தேன். அம்மா அப்படி நினைக்கவில்லை. மழை விழுந்ததும் கிணற்றைச் சுற்றி, தீ எட்டாத இடத்தில், சிந்திய விதைகள் அறுகம்புல் போலப் பச்சென்று முளைத்தன. எல்லாவற்றையும் பிடுங்கு என்று அம்மா சொன்னாள். பிடுங்கினேன். ஒன்றை மட்டும் அவளே மண்ணோடு பெயர்த்தெடுத்தாள். கல்லுக்குப் பக்கத்தில், எங்கள் மண்ணில் குழி வெட்டினாள். நட்டபின், வீட்டில் உடைந்து கிடந்த தொட்டியின் கருங்கல் பலகைகளை எங்கள் பக்கமாகப் பூமிக்குள் செங்குத்தாக இறக்கி, மண்ணைத் தள்ளி மிதித்தாள். அது எந்தப் பக்கம் நடக்கவேண்டும் என்பதைத் தீர்மானித்துவிட்டாள். "இது எப்பம்மா பெருசாவும்?" என்று கேட்டேன். "நீ கெழவி ஆவறதுக்குள்ள ஆயிடும்" என்றாள். வேறு அவசரம் எதுவும் அவள் குரலில் இல்லை.

அது நடந்தது. நான் கல்யாணமாகி அரக்கோணத்துக்குப் போனபிறகு ஒவ்வொரு முறை ஊருக்கு வரும்போதும் முதலில் அதைத்தான் போய்ப் பார்ப்பேன். ஒவ்வொரு மழைக்கும் ஒரு வரிசை, கிழக்கே, கிழக்கே மட்டும். பெரியநைனா வயதான காலத்தில் கைத்தடியோடு வந்து குருத்துகளை ஒடித்துக்கொண்டிருப்பார். அவர் வீட்டிலிருந்தும் கஞ்சி வந்தது. அம்மா கிணற்றடியில் வெற்றிலை போட்டுக்கொண்டு அதைப் பார்த்துக்கொண்டிருப்பாள். நைனா போனார், பெரியநைனா போனார், பெரியம்மா போனாள், கடைசியாக அம்மாவும் போனாள். மூங்கில் மட்டும் நின்றது, வருஷத்துக்கு ஒரு அடி வைத்துக்கொண்டு.

புறவழிச் சாலைக்காக இரண்டு நிலத்தையும் எடுத்துக்கொண்டார்கள். போன வருஷம் ஒரு காலையில் பொக்லைன் வந்தது. நான் போய் நின்றேன். செல்வமும் வந்திருந்தான், தலை நரைத்து, கண்ணாடி போட்டுக்கொண்டு. கிணற்றை மண் போட்டு மூடினார்கள். புதரின் அடியில் இரும்புக் கையை விட்டு ஒரே தூக்கில் வேரோடு கவிழ்த்தார்கள். காபி குடித்து முடிப்பதற்குள் வேலை முடிந்தது. இன்றைக்கு அந்த இடத்தில் தாரும் வெள்ளைக் கோடும்தான். மழை வந்தாலும் அங்கே எதுவும் தலை நீட்டுவதில்லை. வருகிற வண்டிகளுக்கும் போகிற வண்டிகளுக்கும் முறை எதுவும் கிடையாது.

அன்றைக்குப் பேருந்துக்காகச் சாலையோரம் நின்றபோது செல்வம் பேசினான்.

"அக்கா, உங்கம்மா வெச்ச மூங்கில் எங்க நெலத்துல பாதிய தின்னுடுச்சு."

"ஆங்" என்றேன். அம்மா உயிரோடு இருந்து இதைக் கேட்டிருக்க வேண்டும் என்று நினைத்தேன். சிரிப்பை அடக்கிக்கொண்டேன்.

அவன் சாலையைப் பார்த்தபடியே சொன்னான். "எங்க நைனா சாவறப்ப ஒண்ணு சொன்னாரு. அது பூக்கும்டா, அன்னிக்கு தேசம்மா வூட்டப் பாருன்னாரு. இன்னும் கொஞ்ச வருசந்தான்னு நானும் பாத்துகினே இருந்தேன். அதுக்குள்ள பேத்துட்டானுங்க."

எனக்கு ஒரு மகன், இரண்டு பேரப்பிள்ளைகள். நான் அவன் முகத்தைப் பார்த்தேன். அவன் விளையாட்டுக்குச் சொல்லவில்லை.

பேருந்து வந்தது. இரண்டு பேரும் ஏறினோம். உள்ளே கூட்டமில்லை. அவன் முன்பக்கம் போய் உட்கார்ந்தான், நான் கடைசி வரிசைக்குப் போனேன்.